ஆட்கள் குறைவு என்று எங்களுக்குப் பதில் எழுதியவர்களுக்கு

குடித்தொகையைக் கொண்டு எங்கள் மாவட்டத்துக்கு ஆளணியும் நிதியும் ஒதுக்குகின்ற, கிராம அலுவலர் பிரிவுகளின் எல்லைகளை வகுக்கின்ற அதிகாரிகளுக்கு,

எங்கள் ஊரார் எழுபத்து மூன்று பேர் ஒப்பமிட்டு அனுப்பிய மனுவுக்கு ஐந்து மாதம் கழித்து நான்கு வரியில் பதில் வந்திருக்கிறது. எங்கள் கிராம அலுவலர் பிரிவில் பதிவிலுள்ள குடும்பங்களின் தொகை குறைவாக இருப்பதால் நிரந்தர அலுவலர் ஒருவரை நியமிக்கும் தேவை இப்போதைக்கு எழவில்லை என்றும், பிரிவை அயற்பிரிவோடு சேர்த்து நிர்வகிப்பது பற்றி ஆராயப்பட்டு வருகிறது என்றும் அந்த நான்கு வரியும் சொல்கின்றன. கடிதத்தை எந்தக் கந்தோர் அனுப்பியது, யார் ஒப்பமிட்டார் என்பதை நான் இங்கே எழுதப்போவதில்லை. ஒப்பமிட்டவர் மேலிடத்து அளவுகோலைத்தான் எடுத்தெழுதியிருக்கிறார். அந்த அளவுகோலை வகுத்தவர்களோடுதான் எனக்குப் பேச்சு. ஆகவே இம்மடலை உங்கள் எல்லோருக்கும் பொதுவாக எழுதுகிறேன். ஊரின் பெயரையும் தவிர்க்கிறேன். முல்லைத்தீவு மாவட்டத்தின் மேற்குப் புறத்தில், கண்டியையும் யாழ்ப்பாணத்தையும் இணைக்கும் ஏ-9 வீதியிலிருந்து வெகுதூரம் உள்ளே போய், ஒரு குளத்தின் கீழ் வயல் செய்து வாழும் ஊர் என்று அறிந்தால் போதும்.

நான் முப்பத்தொரு வருடம் கணிதம் படிப்பித்து ஓய்வுபெற்றவள். எண்களோடு எனக்குப் பகையில்லை. எதை எதால் வகுக்க வேண்டும் என்பதைத் தொடக்கத்திலேயே பிழையாக எடுத்தால், பிறகு எவ்வளவு துப்புரவாகச் செய்தாலும் விடை பிழைத்துத்தான் வரும் என்று பிள்ளைகளுக்குச் சொல்லிக் கொடுத்திருக்கிறேன். உங்கள் கணக்கில் நடந்திருப்பதும் அதுவே என்பதால் இதை எழுதத் துணிந்தேன்.

முதலில் என் அயல்வீட்டு ஆச்சியின் அலுவலைச் சொல்கிறேன். ஆச்சிக்கு எழுபத்திரண்டு வயது. கணவர் இறந்து இரண்டு வருடமாகிறது. குளத்தின் கீழுள்ள இரண்டு ஏக்கர் வயலின் காணி அனுமதிப்பத்திரம் இன்னமும் கணவரின் பெயரிலேயே கிடக்கிறது. அதைத் தன் பெயருக்கு மாற்றினால்தான் கமநல சேவை நிலையத்து இடாப்பில் ஆச்சியின் பெயர் ஏறும். பெயர் ஏறினால்தான் பசளை மானியக் காசு வரும். இதற்கு முதற்படி கிராம அலுவலரின் உறுதிப்படுத்தல். எங்கள் பிரிவுக்கென்று இருந்த விதானையார் (கிராம அலுவலரை நாங்கள் அப்படித்தான் அழைப்போம்) இடமாற்றம் பெற்றுப் போய் இருபது மாதமாகிறது. இப்போது பதில் கடமை பார்ப்பவர் தன் சொந்தப் பிரிவோடு சேர்த்து மூன்று பிரிவுகளைச் சுமக்கிறார். எங்களுக்கு அவர் ஒதுக்கியிருப்பது செவ்வாயும் வியாழனும், அதுவும் மத்தியானம் வரைதான். ஆச்சியின் வீட்டிலிருந்து அவர் வந்திருக்கும் அறைக்கு ஏழு கிலோமீற்றர் கிரவல் வீதி. முதல் செவ்வாய்க்கிழமை பேரனின் சைக்கிளில் ஏறிப் போனார்; கதவு பூட்டியிருந்தது, கச்சேரியில், அதாவது மாவட்டச் செயலகத்தில், கூட்டம் என்று ஒரு துண்டுக் கடதாசி ஒட்டியிருந்தது. அடுத்த வியாழன் அலுவலர் இருந்தார். ஆனால் மரணச் சான்றிதழின் பிரதி தெளிவில்லை, மூலப்பிரதி வேண்டும் என்றார். அது அவருடைய கடமை, அதில் குறை சொல்ல ஒன்றுமில்லை. மூன்றாம் தரம் போனபோது இரவில் யானை புகுந்து உடைத்த வீட்டைப் பார்வையிட அவர் மற்றப் பிரிவுக்குப் போயிருந்தார்.

நான்காம் தரம் நானும் கூடப் போனேன். காலை ஏழு மணிக்கே முப்பது பேருக்கு மேல் விறாந்தையில் குந்தியிருந்தார்கள். ஒன்பதே முக்காலுக்கு அலுவலர் மோட்டார்ச் சைக்கிளில் வந்து இறங்கினார். நெற்றியில் ஹெல்மெற் அழுத்திய தடம், காற்சட்டையின் முழங்கால் வரை செம்புழுதி. கைப்பிடியில் தொங்கிய சொப்பிங் பையில் மூன்று பிரிவுகளின் முத்திரைகளும் ஒன்றாகக் கிடந்தன. மைத்தட்டு காய்ந்து போயிருந்ததால் தண்ணீர்ப் போத்தல் மூடியால் நாலு துளி விட்டு நனைத்தார். பிறகு வரிசையாகக் கையொப்பமும் முத்திரையும். ஆச்சியின் முறை வந்தபோது மனிசன் களைத்துப் போயிருக்க வேண்டும். படிவத்தில் அயற்பிரிவின் முத்திரை விழுந்துவிட்டது. விழுந்த கணமே அவர் கண்டுகொண்டார், நாக்கைக் கடித்துக்கொண்டார், ஆச்சியிடம் இரண்டு தரம் மன்னிப்பும் கேட்டார். புதுப் படிவம் கையில் இல்லை. அடுத்த செவ்வாய் வரச் சொன்னார். நீங்கள் இன்னும் ஆராய்ந்துகொண்டிருக்கும் இணைப்பு அந்தக் கடதாசியில் முன்னமே நடந்து முடிந்துவிட்டது என்று எனக்குத் தோன்றியது. ஆச்சியின் கடதாசி ஒருவழியாக மேலே போய்ச் சேருமுன் காலபோகத்துக்கான பெயர்ப்பட்டியல் மூடப்பட்டது. அந்தப் போகத்துப் பசளையை அவர் கடையில் கடனுக்கு எடுத்தார்.

இந்தக் கதையில் தீயவர் என்று எவரும் இல்லை. ஒரு மனிதன் மூன்று பேரின் வேலையை, மூன்று பேருக்கே பெரிதாக இருக்கும் நிலத்தில் பார்க்கிறார் என்பது மட்டுமே இருக்கிறது. நிலம் என்ற சொல் உங்கள் பதிலின் நான்கு வரியிலும் இல்லை.

முல்லைத்தீவு மாவட்டத்தின் பரப்பு 2,617 சதுர கிலோமீற்றர். இதற்குள் பிரதேச செயலகப் பிரிவுகள் 6, கிராம அலுவலர் பிரிவுகள் 136. யாழ்ப்பாண மாவட்டத்தின் பரப்பு 1,025 சதுர கிலோமீற்றர். அங்கே பிரதேச செயலகப் பிரிவுகள் 15, கிராம அலுவலர் பிரிவுகள் 435. யாழ்ப்பாணத்தாரிடம் இருப்பதைப் பறித்து எங்களுக்குத் தாருங்கள் என்று கேட்கவில்லை. அங்கே சனம் நெருக்கம், அவர்களுக்கும் அது காணாது. ஆனால் வகுத்துப் பாருங்கள். அங்கே சராசரியாக ஒரு கிராம அலுவலருக்கு இரண்டரைச் சதுர கிலோமீற்றருக்கும் குறைவு. எங்கள் பக்கத்தில் பத்தொன்பது. அங்கே ஒரு பிரதேச செயலகத்துக்கு 70 சதுர கிலோமீற்றர் வராது, இங்கே 436. இந்தப் பரப்பில் பெரும் பங்கு காடு, காட்டில் எவரும் குடியிருக்கவில்லை என்று நீங்கள் சொல்லலாம். சரிதான். ஆனால் ஒரு ஊருக்கும் அடுத்த ஊருக்கும் இடையில் கிடப்பது அந்தக் காடுதான். அதைக் கடந்துதான் விதானையாரிடம் போகிறோம், அதற்குள்ளிருந்துதான் யானை வருகிறது. குடியில்லாத நிலம் தூரத்தைக் கூட்டுமே தவிரக் குறைக்காது.

கச்சேரியை எடுத்துக்கொள்ளுங்கள். அது கிழக்கே கடற்கரைப் பட்டினத்தில் இருக்கிறது. மேற்குப் புறத்திலிருந்து போகிறவர்கள் மல்லாவிக்கு வந்து, மாங்குளத்தில் ஏ-9 வீதியைக் கடந்து, ஒட்டுசுட்டான் வழியாக முல்லைத்தீவுக்குப் போய்ச் சேர வேண்டும். ஏறத்தாழ எழுபது கிலோமீற்றர். வெள்ளாப்பில் வெளிக்கிட்டு, பொழுதுபட வீடு திரும்பும் பயணம் அது. வேறு மாவட்டத்துத் தலைநகரான கிளிநொச்சி எங்களுக்கு எங்கள் சொந்தக் கச்சேரியைவிடக் கிட்ட. கூலி வேலை செய்பவருக்கு ஒரு கையொப்பத்தின் விலை ஒரு நாட் கூலியும் பஸ் காசும்; கையொப்பமிட வேண்டியவர் அன்று இல்லையென்றால் அதுவும் இரட்டிப்பு.

இந்த மாவட்டம் எப்படிப் பிறந்தது என்பதை நினைவூட்ட வேண்டியிருக்கிறது. 1978 செப்ரெம்பரில் வவுனியா, மன்னார், திருகோணமலை மாவட்டங்களின் பகுதிகளை எடுத்து முல்லைத்தீவைத் தனி மாவட்டமாக்கினார்கள். மூன்று வருடம் கழித்து 1981 குடிசன மதிப்பீட்டில் இங்கே இருந்தவர்கள் 77 ஆயிரத்துச் சொச்சம் பேர். கொழும்பில் சில வட்டாரங்களில் அடங்கிவிடக்கூடிய சனம். இன்றைய அளவுகோல் அன்றும் இருந்திருந்தால் மாவட்டம் என்ற ஒன்றே வந்திராது. எங்கள் பெற்றோர் வவுனியாக் கச்சேரிக்கு நடந்த நடையை நாங்களும் நடந்துகொண்டிருப்போம். சனம் குறைந்த பரந்த நிலத்துக்குத் தனி நிர்வாகம் வேண்டும் என்பதை இந்த அரசு அன்றே ஏற்றுக்கொண்டிருக்கிறது. 1984 பெப்ரவரியில் யாழ்ப்பாணத்திலிருந்து கிளிநொச்சியைப் பிரித்தபோதும் அதையே செய்தது.

இன்னும் பின்னுக்குப் போகலாம். சோல்பரி அரசியலமைப்பின்படி தேர்தல் தொகுதிகளை வகுத்தபோது 75,000 பேருக்கு ஓர் உறுப்பினர் என்று கணக்கிட்டதோடு நிற்கவில்லை. மாகாணத்தின் ஒவ்வொரு 1,000 சதுர மைல் நிலத்துக்கும் மேலும் ஓர் உறுப்பினர் என்று சேர்த்தார்கள். 1947 பாராளுமன்றத்துக்கு மக்கள் தெரிவுசெய்த 95 உறுப்பினர்களில் 25 இடம் இப்படி நிலப்பரப்பால் வந்தவை. எங்கள் மாவட்டத்தின் 2,617 சதுர கிலோமீற்றரை மைலாக்கிப் பாருங்கள்: ஆயிரத்துப் பத்து. ஆள் ஒருவர்கூட இல்லாவிட்டாலும் அந்த விதியின்படி எங்கள் மண்ணின் அளவே ஓர் உறுப்பினருக்குக் கணக்காகியிருக்கும். (பிள்ளைகளுக்கு அலகு மாற்றம் படிப்பித்த காலத்தில் இந்த உதாரணம் எனக்குக் கைக்கு எட்டாமல் போயிற்றே என்று இப்போது கவலைப்படுகிறேன்.) இன்றைய அரசியலமைப்பிலும் மாகாணத்துக்கு நான்கு என்று 36 ஆசனங்கள் வாக்காளர் தொகையைப் பாராமல் பங்கிடப்படுகின்றன. மாகாண சபைகளை உருவாக்கிய 13 ஆம் திருத்தத்தின் கீழ் வந்த நிதி ஆணைக்குழு, மாகாணங்களுக்கு நிதியைப் பிரிக்கும்போது குடித்தொகையோடு தலா வருமானத்தையும், சமூக பொருளாதார ஏற்றத்தாழ்வைக் குறைக்க வேண்டிய தேவையையும் கருத வேண்டும் என்றே எழுதப்பட்டிருக்கிறது. பாராளுமன்றத்துக்கும் நிதிக்கும் பொருந்துகின்ற நியாயம், ஒரு விதானையாரை நியமிக்கும்போது மட்டும் ஏன் பொருந்தாமல் போகிறது என்பதற்கு நீங்கள் விடை சொல்ல வேண்டும்.

இனி நீங்கள் நம்பியிருக்கும் எண்ணுக்கு வருகிறேன். பதிலோடு இணைத்த அட்டவணையில் எங்கள் பிரிவுக்குக் காட்டியிருக்கும் குடும்பத் தொகை 2012 ஆம் ஆண்டுக் குடிசன மதிப்பீட்டுக்குரியது. அந்த ஆண்டு மார்ச்சில் கணக்கெடுப்பாளர் எங்கள் வளவுக்கு வந்தது எனக்கு நன்றாக ஞாபகம். போர் முடிந்த 2009 இன் கடைசியில் மேற்குப் பக்கம்தான் மீள்குடியேற்றத்துக்கு முதலில் திறந்துவிடப்பட்டது. நாங்கள் அப்போதே முகாமிலிருந்து வந்து தறப்பாளும் தகரமுமாக ஒரு கொட்டில் போட்டிருந்தோம். வீட்டுக்கு இலக்கம் எழுத வேண்டும் என்று அவர் கதவைத் தேடினார். எங்களுக்குக் கதவு இல்லை, படங்குதான் தொங்கியது. கடைசியில் முற்றத்து வேம்பின் அடிமரத்தில் சுண்ணக்கட்டியால் எழுதிவிட்டுப் போனார். அடுத்த மழையில் அது கழுவுண்டு போயிற்று. எங்கள் வீட்டின் இருபுறமும் இருந்த வளவுகள் அன்று பற்றையாகவே கிடந்தன. அந்தக் குடும்பங்கள் பிறகுதான் வந்தன. மாவட்டத்தின் கிழக்கில் நிலைமை இன்னும் மோசம். கேப்பாப்பிலவு மக்களில் பலர் அந்த மார்ச் மாதத்தில் இடம்பெயர்ந்தவர்களுக்கென வவுனியா மாவட்டத்துச் செட்டிகுளத்தில் இருந்த மெனிக் பாம் முகாமில் இருந்தார்கள். அந்த முகாம் மூடப்பட்டது 2012 செப்ரெம்பரில், கணக்கெடுப்பு முடிந்து ஆறு மாதம் கழித்து. இந்த நிலையில் மாவட்டத்தின் சனத்தொகை என்று எடுத்த எண்தான் 92,238.

அதற்கு முன்னைய எண் எது என்று பார்த்தால், 1981. 1991 இல் நாட்டில் எங்கும் மதிப்பீடு நடக்கவில்லை; 2001 இல் நடந்தது எங்கள் மாவட்டத்துக்கு வரவில்லை. முப்பத்தொரு வருடம் எந்த மதிப்பீட்டிலும் எங்களை எண்ணவில்லை. எண்ண வந்தபோது பலர் வீட்டில் இல்லை. 2024 கடைசியில் நடந்த மதிப்பீட்டில் மாவட்டத்தின் தொகை ஒரு இலட்சத்து 22 ஆயிரத்தைத் தாண்டியிருக்கிறது. நாட்டின் ஆண்டு வளர்ச்சி 0.5 வீதம், முல்லைத்தீவின் வளர்ச்சி 2.23 வீதம், இருபத்தைந்து மாவட்டங்களிலும் கூடியது. வவுனியாவில் அதே காலத்து வளர்ச்சி 0.01 வீதம், எல்லாவற்றிலும் குறைந்தது. இந்த இரண்டு எண்களையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்க்கிற எவருக்கும், முகாமில் எண்ணப்பட்டவர்கள் எங்கே போனார்கள் என்பதில் ஒரு பகுதியாவது விளங்கும். அவர்கள் வீட்டுக்கு வந்திருக்கிறார்கள். மாவட்டங்களுள் சனம் மிகக் குறைந்தது இன்றும் நாங்கள்தான், அதை மறுக்கவில்லை. பன்னிரண்டு வருடத்தில் மூன்றில் ஒரு பங்கு பெருகிய சனத்துக்குப் பழைய எண்ணை வைத்து ஆளணியைக் குறைப்பதைத்தான் மறுக்கிறேன். மனு எழுதுமுன் நானும் என் பழைய மாணவிகள் இருவரும் மோட்டார்ச் சைக்கிளில் வீடுவீடாகப் போய் எண்ணினோம். உங்கள் அட்டவணையில் எங்கள் பிரிவுக்கு 148 குடும்பம். நாங்கள் கண்டது 231. வளவுக்காரர் பெயர், ஆட்தொகை எல்லாம் எழுதிய கொப்பியின் பிரதி மனுவோடு வந்தது. அதை எவராவது விரித்துப் பார்த்தார்களா என்பதை அறிய ஆவலாயிருக்கிறேன்.

எங்கள் மாவட்டம் அடங்கிய வன்னி நிலத்தில் எண்ணிக்கை குறைவு என்று அரசின் வாயிலிருந்து ஒரு சொல் வந்தால் எங்களுக்கு ஏன் நெஞ்சு பதறுகிறது என்பதையும் சொல்லியாக வேண்டும். போரின் இறுதிக் கட்டமான 2009 இன் தொடக்க மாதங்களில் எங்களோடு சிக்குண்டிருந்தவர்கள் ஏறத்தாழ 70,000 பேர்தான் என்று அரசு சொன்னது. உணவும் மருந்தும் அந்தக் கணக்கின் நிழலிலேயே வந்தன. அங்கிருந்த கச்சேரி அலுவலர்கள் அதைவிடப் பல மடங்கு பெரிய எண்ணை அறிவித்துக்கொண்டிருந்தார்கள். அந்த வருடம் யூலை வரை அரச கட்டுப்பாட்டுப் பகுதிக்குள் வந்து சேர்ந்தவர்கள் மட்டும் 282,380 பேர். 2008 ஒக்ரோபர் தொடக்கத்தில் கச்சேரிப் புள்ளிவிபரத்தின்படி வன்னியில் இருந்தவர்கள் 429,059 பேர். இரண்டுக்கும் இடையிலுள்ள 146,679 பேருக்கு என்ன நடந்தது என்று மன்னார் ஆயர் இராயப்பு யோசப் ஆண்டகை 2011 சனவரியில், போருக்குப் பிறகு அரசு நியமித்த கற்றுக்கொண்ட பாடங்கள் மற்றும் நல்லிணக்க ஆணைக்குழுவின் முன் கேட்டார். அந்தக் கேள்விக்கான விடையை உங்களிடம் நான் இன்று கேட்கவில்லை; அது இந்த மடலின் அலுவலுக்கு மிகப் பெரிது. இதை எழுதுவதற்குக் காரணம் ஒன்றுதான். அந்த 429,059 என்ற எண்ணைச் சேகரித்தவர்கள் விதானைமார். இடம்பெயர்ந்த சனத்தோடு தாங்களும் இடம்பெயர்ந்து, மரத்தடிகளில் இருந்து பதிவேட்டில் குடும்பம் குடும்பமாக எழுதினார்கள். எங்கள் விதானையாரும் அப்படி எழுதியவர். ஒரு பிரிவின் அலுவலர் அந்தப் பிரிவில் இருப்பது எதற்கு உதவும் என்று இன்று கேட்பவர்களுக்கு, அந்த விதானைமார் எழுதாமல் விட்டிருந்தால் ஆயரின் கேள்வியைக் கேட்பதற்கே ஓர் எண் இருந்திராது என்பதைச் சொல்லி வைக்கிறேன்.

ஆளணிப் பற்றாக்குறை நாடு முழுவதிலும் இருக்கிறது, நிதி நெருக்கடி, புதிய நியமனங்களுக்குத் தடை என்று நீங்கள் சொல்லக்கூடும். ஏற்றுக்கொள்கிறேன். ஆனால் பற்றாக்குறையின் போது எந்தப் பிரிவை வெறுமையாக விடுவது என்பது ஒரு தெரிவு. அந்தத் தெரிவு ஒவ்வொரு தடவையும் பஸ் குறைந்த ஊரிலேயே வந்து விழுவதைத் தற்செயல் என்று நம்ப என்னால் முடியவில்லை. எல்லாம் இனி இணையத்தில் நடக்கும், கிராம அலுவலருக்கு முன்னைப்போல வேலை இராது என்று ஒரு கூட்டத்தில் சொன்னார்கள். எங்கள் ஊரில் தொலைபேசிக்குச் சிக்னல் பிடிப்பது குளக்கட்டில் ஏறி நின்றால்தான். மாலை ஆறு மணிக்குப் பிறகு யானைப் பயத்தில் குளக்கட்டுக்கு எவரும் போவதில்லை.

எங்கள் மாவட்டத்திலேயே, மணலாறு என்று நாங்களும் வெலிஓயா என்று அரச ஏடுகளும் அழைக்கும் பகுதிக்குத் தனிப் பிரதேச செயலகம் தரப்பட்டபோது அங்கே குடியிருந்தவர்களின் தொகை பெரிதல்ல. அந்தக் குடும்பங்களுக்கும் ஒரு கந்தோர் கிட்ட இருக்க வேண்டும், அதில் எனக்கு மறுப்பில்லை. அங்கே தடையாக இராத குடித்தொகை எங்கள் ஊரில் எப்படித் தடையாயிற்று என்பது மட்டுமே என் கேள்வி.

இதைக் கேட்பதற்கு எங்களுக்கு வேறு வாசலும் அதிகமில்லை. வடக்கு மாகாண சபையின் பதவிக்காலம் 2018 ஒக்ரோபரில் முடிந்த பிறகு அதற்குத் தேர்தல் நடக்கவில்லை. மாவட்டத்தில் நகரசபை ஒன்றுகூட இல்லை. நான்கு பிரதேச சபைகள் இருக்கின்றன. 2025 மே மாதம் தெரிவான உறுப்பினரிடம் போய்ச் சொன்னோம், அவரும் கடிதம் எழுதினார், ஆனால் விதானையாரை நியமிப்பது அவருடைய அதிகாரத்தில் இல்லை. பாராளுமன்றத்தில் மன்னார், வவுனியா, முல்லைத்தீவு மூன்றுக்கும் சேர்த்தே ஆறு ஆசனங்கள். எங்கள் பள்ளிக்கூடத்திலும் இதே கதைதான்: பிள்ளைகள் குறைவு என்று ஆசிரியரைக் குறைக்கிறார்கள், ஆசிரியர் குறைந்ததும் வசதியுள்ளவர்கள் பிள்ளையை ஏ-9 பக்கத்துப் பள்ளிக்கு மாற்றுகிறார்கள், அடுத்த வருடம் பிள்ளைகள் இன்னும் குறைவு என்று எழுதுகிறார்கள். ஒரு பிரிவிலும் அதுவே நடக்கும். கந்தோர் இல்லாத ஊரில் பதிவு வைத்திருக்க எவரும் விரும்பமாட்டார்கள். இளம் குடும்பங்கள் சில ஏற்கெனவே குடும்ப அட்டையைக் கிளிநொச்சியிலுள்ள உறவினர் வீட்டு விலாசத்துக்கு மாற்றிக்கொண்டுவிட்டன. வயலும் வீடும் இங்கே, பெயர் அங்கே. நீங்கள் அடுத்த தடவை இடாப்பைத் திறக்கும்போது எங்கள் தொகை இன்னும் குறைந்திருக்கும், அதையும் எங்களுக்கே காரணமாகக் காட்டுவீர்கள்.

ஆகவே உங்களிடம் கேட்பவற்றை வெளிப்படையாக எழுதுகிறேன்.

எங்கள் பிரிவை அயற்பிரிவோடு இணைக்கும் ஆராய்வை உடனே நிறுத்தி, அப்படி நிறுத்தியதை எழுத்தில் அறியத்தாருங்கள். வெற்றிடமாக இருக்கும் பதவிக்கு நிரந்தர அலுவலர் ஒருவரை நியமியுங்கள். அவர் பிரிவுக்குள் தங்குவதற்கு வீடு இல்லையென்பது காரணமாகுமானால், ஊரின் பொதுக்கட்டடத்தில் இரண்டு அறையைத் திருத்திக் கொடுக்கக் கிராம அபிவிருத்திச் சங்கம் சம்மதித்திருக்கிறது, மனுவின் மூன்றாம் பக்கத்தில் அது இருக்கிறது. நியமனம் வரும் வரை பதில் கடமை அலுவலரின் இரண்டு நாட்களையும் கச்சேரிக் கூட்டங்களுக்கு வெளியே வையுங்கள். கூட்டத்துக்கு அழைப்பதாயின் புதன்கிழமை அழையுங்கள். அவரிடம் ஒரு பிரிவைக் குறைத்து இரண்டாக்குங்கள், அவரும் மனிதர்தான்.

மாவட்டத்தின் மேற்குப் புறத்துக்கு மாதம் ஒருமுறை நடமாடும் சேவை வேண்டும். விழா எடுத்து, பந்தல் போட்டு, வருடத்தில் ஒருநாள் நடத்துவதைக் கேட்கவில்லை. காணிக் கிளையின் அலுவலரும், பிறப்பு இறப்புப் பதிவாளரும், கமநல சேவை அலுவலரும் ஒரு மேசையில் ஒன்றாக இருக்கும் ஒரு நாளைக் கேட்கிறோம். திகதியை முன்கூட்டியே அறிவித்து, அந்தத் திகதியில் வந்தால் போதும்.

ஆளணியை ஒதுக்கும் விதியில் குடும்பத் தொகைக்குப் பக்கத்தில் நிலப்பரப்பையும், மிகத் தூரத்து வீட்டிலிருந்து கந்தோருக்குள்ள வழித்தூரத்தையும், அந்த வழியில் ஒரு நாளில் ஓடும் பஸ்களின் தொகையையும் சேருங்கள். இப்போது பாவிக்கும் விதி எதுவோ அதைத் தமிழில் எல்லாக் கந்தோர்களின் அறிவித்தற் பலகையிலும் ஒட்டுங்கள். எங்கள் ஊருக்கு மறுக்கப்பட்டது எந்த எண்ணால் என்று நாங்களே வகுத்துப் பார்த்துக்கொள்வோம். 2012 இன் அட்டவணையை ஒதுக்கிவிட்டு 2024 மதிப்பீட்டின் கிராம அலுவலர் பிரிவு மட்டத் தொகையைப் பாவியுங்கள். அதில் ஐயம் இருந்தால் எவரையாவது அனுப்புங்கள். எங்கள் கொப்பியைக் கையில் எடுத்துக்கொண்டு நான் கூட வந்து வீடுவீடாகக் காட்டுகிறேன்.

தைப்பொங்கலுக்கு முன் பதில் வேண்டும். சிறுபோகத்துக்கான பெயர்ப்பட்டியல் அதன் பிறகு தொடங்கும். ஆச்சியின் பழைய படிவம் இன்னமும் அயற்பிரிவின் முத்திரையோடு அவருடைய தகரப் பெட்டிக்குள் கிடக்கிறது, சரியான முத்திரை விழுந்த புதுப் படிவம் எங்கே நிற்கிறது என்பதை எங்களுக்குச் சொல்ல இன்றுவரை எவரும் இல்லை.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற கணித ஆசிரியை ஒருவர்,
முல்லைத்தீவு மாவட்டத்தின் மேற்குப் புறத்திலிருந்து